கை ஓங்கினாரா, கை நீட்டினாரா?

கலியாண வீடு முடிந்து இரவு பதினொரு மணிக்கு ஈஸ்ட்ஹாம் வீட்டுக் கதவைத் திறந்தபோது உள்ளேயிருந்து குளிர்காற்று வந்தது. குசினி யன்னல் கண்ணாடி நிலத்தில் நொறுங்கிக் கிடந்தது. மேலே ஓடிப்போய்ப் பார்த்தால் அலுமாரி திறந்திருக்கிறது, சேலை எல்லாம் கட்டிலில், நகைப்பெட்டியைக் காணோம். நடுங்கிய கையால் அவசர எண் 999ஐ அழுத்தி, எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் சொன்னேன்: “வி ஹாவ் பீன் ராப்ட்!”

மறுமுனையில் இருந்த பெண்ணின் குரல் சட்டென்று மாறியது. இப்போது பாதுகாப்பான இடத்தில் இருக்கிறீர்களா? யாருக்காவது அடிபட்டதா? கத்தி, துவக்கு ஏதாவது வைத்திருந்தார்களா? எத்தனை பேர்? கேள்வி மேல் கேள்வி. எனக்கோ எரிச்சல். நகை போய்விட்டது என்கிறேன், இவள் துவக்கைப் பற்றிக் கேட்கிறாள். கடைசியில் “வீட்டில் யாருமே இருக்கவில்லை, நாங்கள் வெளியில் போயிருந்தோம்” என்றதும் அவள் மூச்சு விட்டது எனக்கே கேட்டது. “ஓ, பர்க்ளரி” என்றாள். அதன் பிறகு நிதானமாக, ஒன்றையும் தொடாதீர்கள், வீட்டுக்குள் யாரும் ஒளிந்திருக்கவில்லை என்று உறுதியா என்று கேட்டாள். பொலிஸ் அடுத்த நாள் காலையில்தான் வந்தது.

அப்போது எனக்கு லண்டன் வந்து ஆறு வருடம். என் ஆங்கிலம் நல்லது என்றுதான் நினைத்திருந்தேன். களவுக்கு ‘தெஃப்ட்’, பெரிய களவுக்கு ‘ராபரி’, இதுதான் என் கணக்கு. ஊரில் எங்களுக்கு எல்லாரும் கள்ளன்தானே. கோழி பிடித்தவனும் கள்ளன், ஓடு பிரித்து இறங்கியவனும் கள்ளன், றோட்டில் சங்கிலி அறுத்தவனும் கள்ளன்.

அதற்குச் சில வருடம் கழித்து, பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகத் தொடங்கியதும் மொழிபெயர்ப்பாளர் பரீட்சைக்குப் படித்தேன். பொதுச்சேவை உரைபெயர்ப்பு டிப்ளோமா, சட்டப் பிரிவு. பொலிஸ் நிலையத்திலும் நீதிமன்றத்திலும் இரண்டு பக்கத்துக்கும் நடுவில் உட்கார்ந்து வாயால் பெயர்க்கிற வேலை. பதினேழு வருடமாக அதைத்தான் செய்கிறேன். அங்கே கேட்டதை வெளியில் சொல்லக்கூடாது என்பது எங்கள் தொழிலின் முதல் விதி. ஆகவே கீழே வருகிற ஆட்களையும் இடங்களையும் அடையாளம் தெரியாதபடி மாற்றித்தான் எழுதுகிறேன். சொற்களை மட்டும் மாற்றவில்லை.

வகுப்பில் ஆசிரியை என் கைப்பையை வைத்தே பாடம் நடத்தினார். கதிரையில் இருந்த பையை நான் பார்க்காத நேரம் மெல்ல எடுத்தார். இது தெஃப்ட். பையை என் கையில் தந்து, இறுக்கிப் பிடிக்கச் சொல்லி, வெடுக்கென்று இழுத்துப் பறித்தார். என் விரல் நொந்தது. இது ராபரி. பிறகு எல்லாரையும் வெளியே அனுப்பிவிட்டு, தான் மட்டும் பூட்டிய அறைக்குள் பின்கதவால் வருவதுபோல் நடித்துப் பையை எடுத்தார். இது பர்க்ளரி. இங்கிலாந்தின் 1968ஆம் ஆண்டுக் களவுச் சட்டம் அப்படித்தான் பிரிக்கிறது. வெறும் களவுக்கு அதிகபட்சம் 7 வருடம், குடியிருக்கும் வீட்டுக்குள் புகுந்தால் 14 வருடம், களவெடுப்பதற்காக ஆள்மேல் பலம் பிரயோகித்தால் அல்லது அப்படிச் செய்வேன் என்று பயமுறுத்தினால் ஆயுள் வரை போகலாம். நான் தொலைபேசியில் சொன்ன ஒரு சொல்லுக்கும் நடந்ததற்கும் இடையில் இவ்வளவு தூரம்.

இதில் பலருக்குத் தெரியாத ஒன்று: களவெடுக்கும் எண்ணத்தோடு அத்துமீறி உள்ளே காலை வைத்தாலே அது பர்க்ளரி. ஒன்றும் போகவில்லை, நாய் குரைத்ததும் ஓடிவிட்டான் என்றாலும் பர்க்ளரிதான். ‘ஒண்டும் போகேல்லைத்தானே, எதுக்கு பொலிஸுக்குச் சொல்லுவான்’ என்று விட்டுவிடுகிற ஆட்கள் எங்களில் நிறைய. கத்தியோ வேறு ஆயுதமோ கொண்டு வந்திருந்தால் அது இன்னும் கடுமையான வேறு குற்றம்.

இலக்கணமும் இதே கதைதான். ‘ஸ்டீல்’ என்ற வினை பொருளைப் பிடிக்கும், ‘ராப்’ என்ற வினை ஆளைப் பிடிக்கும். பை ‘ஸ்டோலன்’ ஆகும், பையின் சொந்தக்காரி ‘ராப்ட்’ ஆவாள். ‘மை பேக் வாஸ் ராப்ட்’ என்றால் பையின் கழுத்தில் யாரோ கத்தி வைத்தது போல இருக்கும். தெருவில் மறித்துப் பறிப்பதைப் பேச்சில் ‘மக்கிங்’ என்பார்கள், செய்பவன் ‘மக்கர்’. சட்டப் புத்தகத்தில் அந்தச் சொல் கிடையாது, அங்கே அதுவும் ராபரிதான்.

தமிழில் இந்தப் பிரிவு இல்லை என்று சொன்னால் அது பொய். வழிப்பறிக்காரனுக்கு எங்கள் பழைய பாட்டுகளில் ‘ஆறலைகள்வர்’ என்று அச்சொட்டான சொல் இருக்கிறது. ஆறு என்றால் வழி. வேடுபறி என்பது இன்னொன்று. சேரமான் பெருமாள் கொடுத்த பொன்னோடு வந்த சுந்தரரைத் திருமுருகன்பூண்டியில் சிவபெருமானே பூதகணங்களை வேடுவர் வடிவில் விட்டுப் பறித்த கதை தேவாரம் படித்த எல்லாருக்கும் தெரியும். சுந்தரரின் அந்தப் பதிகத்தில் வேடுவர் குத்திக் கூறையைப் பறித்துக்கொண்டு ஆறலைக்கிறார்கள். சுத்தமான ராபரி. ஆனால் சுந்தரர் பொலிஸ் நிலையத்துக்கு வந்து வாக்குமூலம் கொடுத்திருந்தால் நான் அந்த இடத்தில் கை தூக்கி நிறுத்தியிருப்பேன். ‘குத்தி’ என்கிறாரே, எதால்?

இது பகிடி இல்லை. என் தொழிலில் என்னை அதிகம் பயப்படுத்துகிற தமிழ்ச் சொல் ‘குத்து’. முஷ்டியால் மூக்கில் விட்டாலும் குத்து, கத்தியை வயிற்றில் இறக்கினாலும் குத்து. ஆங்கிலத்தில் ஒன்று ‘பஞ்ச்’, மற்றது ‘ஸ்டாப்’ (stab). கத்திக் குத்தும் வேண்டுமென்றே பெருங்காயம் விளைவித்ததும் சேர்ந்தால் ஆட்களுக்கு எதிரான குற்றங்கள் பற்றிய 1861ஆம் ஆண்டுச் சட்டத்தின் 18ஆம் பிரிவு, ஆயுள் தண்டனை வரை. ஒரு குத்தில் கண் வீங்கினது என்றால் பெரும்பாலும் 47ஆம் பிரிவு, அதிகபட்சம் 5 வருடம். இரண்டுக்கும் நடுவில் நான் வாய் திறந்து ஒரு சொல்லைத் தெரிவு செய்ய வேண்டும்.

தொடக்க காலத்தில் ஒரு நாள். கடை வாசலில் சண்டை, அடிபட்டவர் அறுபது வயது ஐயா ஒருவர், நெற்றியில் தையல். “அவன் என்னைக் குத்திப்போட்டான் பிள்ளை” என்றார். நான் அதிகாரியிடம், உரைபெயர்ப்பாளர் ஒரு தெளிவு கேட்க வேண்டும் என்று அனுமதி வாங்கி, “கையாலயோ ஐயா, கத்தியாலயோ?” என்று கேட்டேன். அவர் இரண்டு பக்கமும் தலையை ஆட்டினார். கொஞ்சம் யோசித்துவிட்டு, “கையாலதான்” என்றார். நான் ‘பஞ்ச்’ என்றேன். வாக்குமூலம் ஓடியது. அரை மணித்தியாலம் கழித்து, காயத்தின் படத்தைப் பார்த்த அதிகாரிக்கு அது முஷ்டிக் காயம் போலத் தெரியவில்லை. திரும்பவும் கேட்கச் சொன்னார். இந்த முறை “எப்பிடிக் குத்தினவன், காட்டுங்கோ” என்று மட்டும் கேட்டேன். ஐயா வலது கையைப் பொத்தி, ஆட்காட்டி விரலுக்கும் நடுவிரலுக்கும் இடையில் எதையோ நீட்டிப் பிடிப்பது போலக் காட்டினார். “திறப்பு. கார்த் திறப்பைக் கைக்குள்ள வச்சுக்கொண்டு.”

கையாலும்தான், கத்தி இல்லைதான். ஆனால் கைக்குள் இருந்த சாவி ஆயுதம். அதிகாரி எழுதிய பக்கத்தைக் கோடிட்டு வெட்டியதைப் பார்த்துக்கொண்டு இருந்தேன். தப்பு ஐயாவுடையது இல்லை, என்னுடையது. நான் இரண்டே இரண்டு கதவைத் திறந்து காட்டினேன், அவரும் பாவம், கிட்ட இருந்த கதவுக்குள் போனார். அன்றிலிருந்து ‘இதா, அதா’ என்று கேட்பதே இல்லை. ‘எதால்’, ‘எப்படி’, ‘எங்கே பட்டது’, அவ்வளவுதான்.

‘காயம்’ என்ற சொல்லும் இதே வகை. ஆங்கிலச் சட்டத்தில் ‘வூண்ட்’ என்றால் தோலின் இரண்டு படையும் கிழிந்திருக்க வேண்டும். உள்ளே இரத்தம் கட்டி வெளியே நீலம் பாரித்தால் அது காயம்தான், வூண்ட் இல்லை. எலும்பு முறிந்தும் தோல் கிழியாமல் இருந்தால்கூட வூண்ட் இல்லை, அதற்கு வேறு பெயர். எங்கள் ஆட்கள் ‘உட்காயம்’ என்பார்கள். அதை நான் வூண்ட் என்று பெயர்த்தால் எதிர்த்தரப்பு வக்கீலுக்கு அன்று கொண்டாட்டம்.

இனி அசால்ட். தமிழ்நாட்டுத் தம்பி ஒருவர் சாட்சி சொல்லும்போது “அசால்ட்டா வந்து அடிச்சான் அக்கா” என்றார். ஆங்கிலச் சொல் காதில் விழுந்ததும் எழுதிக்கொண்டிருந்த அதிகாரி சந்தோஷமாக நிமிர்ந்தார். நான்தான் குறுக்கே விழுந்து, அது ‘அலட்சியமாக’ என்ற அர்த்தத்தில் வருகிற சென்னைச் சொல் என்று விளக்க வேண்டியிருந்தது.

உண்மையான அசால்ட், இங்கிலாந்துச் சட்டத்தில், அடிப்பதே இல்லை. உடனே அடி விழப்போகிறது என்று ஒருவரை எண்ண வைத்தாலே அசால்ட். அடி மேலே பட்டால் அது ‘பற்றரி’. வகுப்பில் இந்தச் சொல்லை முதன்முதல் கேட்டபோது ரோச் லைட்தான் என் கண்ணுக்குள் வந்தது. பேச்சிலும் பத்திரிகையிலும் இரண்டையும் சேர்த்து அசால்ட் என்றே சொல்லிவிடுவார்கள், குழப்பம் அதனால்தான். 1669இல் ஒரு வழக்கு: ஒருவன் வாளின் பிடியில் கையை வைத்து, நீதிபதிகள் ஊருக்கு வந்திருக்கிற காலமாக இல்லாவிட்டால் உன் பேச்சைப் பொறுத்திருக்க மாட்டேன் என்றான். அது அசால்ட் இல்லை என்று தீர்ப்பு. ஏனென்றால் ‘இப்போது வெட்ட மாட்டேன்’ என்று அவன் வாயாலேயே சொல்லிவிட்டான். ‘உன்ர கொப்பரின்ர முகத்துக்காகப் பாக்கிறன், இல்லாட்டி...’ என்று எங்கள் ஊரில் வேலியடியில் நின்று கத்துவது ஞாபகம் வந்து வகுப்பிலேயே சிரித்துவிட்டேன். இதற்கு நேர்மாறாக, 1997இல், அப்போது உச்ச நீதிமன்றமாகவும் இருந்த பிரபுக்கள் சபை, பெண்களுக்குத் தொலைபேசி எடுத்து ஒன்றுமே பேசாமல் இருந்த ஒருவனின் மௌனம்கூட அசால்ட் ஆகலாம் என்று தீர்த்தது.

படிக்கும்போது இது ஏதோ வெள்ளைக்காரனின் மயிர் பிளக்கிற வேலை என்றுதான் நினைத்தேன். ஒரு நாள் பாத்திரம் கழுவும்போது மண்டையில் உறைத்தது. எங்களிடம் இது எப்போதோ இருக்கிறதே. கை ஓங்கினார், அசால்ட். கை நீட்டினார், பற்றரி.

ஆனால் இந்த இரண்டு சொல்லையும் ஆங்கிலத்தில் சொல்லுக்குச் சொல் போட்டால் தலைகீழாகிவிடும். ‘அவர் எனக்குக் கை நீட்டிட்டார்’ என்று ஒரு பெண் சொல்வதை ‘கையை நீட்டினார்’ என்று பெயர்த்தால் கேட்கிற அதிகாரிக்குக் கைகுலுக்க வந்தது போல இருக்கும். அந்த வசனத்தைச் சொல்வதற்கு அவளுக்கு எத்தனை வருடம் எடுத்திருக்கும் என்பது அவருக்குத் தெரியாது. எங்கள் பெண்கள் ‘அடிச்சவர்’ என்று முதலில் சொல்வது அரிது. கை நீட்டினவர், கொஞ்சம் கோவக்காரர், கழுத்தைப் பிடிச்சவர் என்று சுற்றி வளைத்துத்தான் வருவார்கள்.

‘கழுத்தைப் பிடிச்சவர்’ என்பதைக் கேட்டால் இப்போதெல்லாம் நான் அங்கேயே நிறுத்தித் தெளிவு கேட்க அனுமதி வாங்குவேன். பிடித்தாரா, அமத்தினாரா, எவ்வளவு நேரம், மூச்சு விடக் கஷ்டமாக இருந்ததா, இதையெல்லாம் கேட்பது அதிகாரியின் வேலை. ஆனால் அந்தச் சொல்லுக்கு இத்தனை அர்த்தம் உண்டு என்று அவருக்குத் தெரிவிப்பது என் வேலை. 2022 ஜூன் 7ஆம் திகதியிலிருந்து இங்கிலாந்திலும் வேல்ஸிலும் கழுத்தை நெரிப்பது, உயிர் போகாவிட்டாலும், அடையாளம் ஒன்றும் இல்லாவிட்டாலும், தனிக் குற்றம், 5 வருடம் வரை. அதற்கு முன் தழும்பு இல்லை என்ற ஒரே காரணத்தால் பல முறை சாதாரண அசால்ட்டாகப் போய்விடும், அதற்கு அதிகபட்சம் 6 மாதம். சொல்லிலும் கவனம் வேண்டும்: ‘சோக்’ என்பது சாப்பாடு விக்கினாலும் வரும். கையாலோ துணியாலோ நெரித்ததற்கு ‘ஸ்ட்ராங்கிள்’ என்பதே சொல். ஆங்கிலத்தில் நேரே பேசுகிற பிள்ளைகள் இதை நினைவில் வைத்துக்கொண்டால் நல்லது.

பின்னால் திரிகிற ஆட்களைப் பற்றியும் ஒன்று. ஊரில் ‘சுழட்டுறது’ என்று பகிடியாகச் சொல்லி விட்டுவிடுவோம். இங்கே அது ‘ஸ்டாக்கிங்’, 2012 நவம்பரிலிருந்து அந்தப் பெயரிலேயே குற்றம். ‘என்னைப் பாத்துக்கொண்டு நிக்கிறவன்’ என்று ஒரு தடவை சொன்னால் போதாது. எத்தனை நாள், எந்தத் தரிப்பிடத்தில், எத்தனை குறுஞ்செய்தி என்று திகதியோடு குறித்து வைத்துக் கொடுத்தால்தான் அந்தச் சொல் நிற்கும்.

அகதி விண்ணப்ப நேர்முகங்களுக்கும் பல வருடம் போயிருக்கிறேன். அங்கே என்னைத் தூங்க விடாத சொல் ‘கடத்தல்’. வெள்ளை வானில் ஆளைத் தூக்கினாலும் கடத்தல், விமானத்தை மறித்துத் திருப்பினாலும் கடத்தல், தங்கம் கொண்டு வந்தாலும் கடத்தல், ஏஜென்சிக்காரன் காசு வாங்கி எல்லை தாண்டிவிட்டாலும் ஆட்கடத்தல், வேலை என்று ஏமாற்றிக் கொண்டுவந்து அடிமையாக வைத்திருந்தாலும் ஆட்கடத்தல். ஆங்கிலத்தில் இந்த ஐந்துக்கும் நாலு சொல்: கிட்னாப், ஹைஜாக், இரண்டு இடத்தில் ஸ்மக்லிங், கடைசி ஒன்று ட்ராஃபிக்கிங். அந்தக் கடைசிச் சொல் வந்தால் 2015ஆம் ஆண்டு நவீன அடிமைத்தனச் சட்டமே வேறு பாதையைத் திறக்கிறது. அதன்படி அந்த ஆள் விரும்பித்தான் வந்தார் என்பது ஒரு சாட்டே இல்லை. ‘படுகொலை’யும் அப்படித்தான். ஒரு தலைவரைக் குறிவைத்துக் கொன்றாலும் படுகொலை, ஒரு ஊரையே கொன்றாலும் படுகொலை. ஆங்கிலத்தில் ‘அசாசினேஷன்’, ‘மாசக்கர்’. ‘அடிச்சவங்கள்’ என்றால் தடியால் அடித்தார்களா, செல் (எறிகணை) அடித்தார்களா, பொம்மர் (குண்டு போடுகிற விமானம்) வந்து அடித்ததா? கிளிநொச்சிப் பக்கத்தால் வந்த ஒருவருக்கு அந்த ஒரே வினை ஒரே வசனத்துக்குள் மூன்று அர்த்தத்திலும் வரும். அவருக்குக் குழப்பமே இல்லை. குழப்பம் எல்லாம் எனக்குத்தான்.

தாக்கியவனை என்ன பெயரால் அழைப்பது என்பதும் இடத்துக்கு இடம் மாறும். பத்திரிகைக்காரர் ‘அட்டாக்கர்’, ‘அசைலன்ட்’ என்பார்கள். பொலிஸ் ‘சஸ்பெக்ட்’ என்னும். நீதிமன்றத்துக்குப் போனால் ‘டிஃபெண்டன்ட்’. தீர்ப்புக்குப் பிறகுதான் ‘அஃபெண்டர்’. எங்கள் ஆட்கள் முதல் நாளே ‘குற்றவாளி’ என்பார்கள், நானும் ஒரு காலத்தில் அப்படியே பெயர்த்திருக்கிறேன். டிஃபெண்டன்ட்டுக்கு ஊர் நீதிமன்ற வழக்கப்படி ‘எதிரி’ என்று நான் சொல்லப்போய், கூண்டில் நின்ற பெடியன் முகம் சிவந்து, “நான் ஆருக்கு எதிரி?” என்று கேட்டுவிட்டான். இப்போது ‘குற்றம் சாட்டப்பட்டவர்’ என்று நீட்டி முழக்கித்தான் சொல்கிறேன்.

இதையெல்லாம் பாடமாக்க வேண்டும் என்று நான் யாருக்கும் சொல்வதில்லை. தெரிந்தவர்கள் கேட்டால் சொல்வது இதுதான்: குற்றத்தின் பெயரை விட்டுவிடுங்கள், நடந்ததைச் சொல்லுங்கள். யன்னலை உடைத்தார்கள், நாங்கள் வீட்டில் இல்லை. பின்னால் வந்து தள்ளினான், விழுந்தேன், பையை இழுத்தான். பெயர் வைப்பதற்குப் பொலிஸ் இருக்கிறது. ஆள் இன்னும் வீட்டுக்குள், அல்லது யாருக்காவது ஆபத்து என்றால் 999. போய்விட்டான், பொருள்தான் போனது என்றால் அவசரமில்லாதவற்றுக்கான பொலிஸ் எண் 101 போதும். ஆங்கிலம் முட்டினால் தமிழ் ஆள் வேண்டும் என்று கேளுங்கள். அதற்குக் காசு இல்லை, பாதிக்கப்பட்டவர்களுக்கான விதிக்கோவையில் முதல் உரிமையே விளங்கிக்கொள்வதும் விளங்க வைப்பதும்தான். பக்கத்து வீட்டு அண்ணையையோ, பத்து வயது மகளையோ மொழிபெயர்க்க வைக்காதீர்கள். அப்பா அம்மாவின் கழுத்தைப் பிடித்ததைப் பிள்ளை எந்தச் சொல்லில் சொல்லும்? கையெழுத்துப் போடுவதற்கு முன் முழுவதையும் வாசிக்கக் கேளுங்கள். நேரமாகிறது என்று அதிகாரி கடிகாரத்தைப் பார்த்தாலும் பரவாயில்லை.

நான் வாக்குமூலத்தைத் தமிழில் கையால் எழுதி, சொன்னவரிடம் கையெழுத்து வாங்கி, பிறகுதான் ஆங்கிலமாக்குவேன். போன மாதம் ஒரு ஐயாவுக்கு அப்படி வாசித்துக் காட்டிக்கொண்டிருந்தேன். மூன்று பக்கம், அடியும் உதையும் ஒன்றும் தவறவில்லை. இரண்டாம் பக்கத்தில் கையைக் காட்டி நிறுத்தினார்.

“அதில ‘அடிச்சவன்’ எண்டு எழுதியிருக்கிறாய் பிள்ளை. ‘அடிச்சவர்’ எண்டு மாத்து. அவர் எனக்கு மருமகன் முறை.”

ஆங்கிலத்தில் இரண்டும் ‘ஹி’தான். இருந்தாலும் வெட்டித் திருத்தி, பக்கத்தில் அவரிடம் சின்னக் கையெழுத்து வாங்கினேன். அதிகாரி என்ன திருத்தம் என்று கேட்டார். நான் விளக்கத் தொடங்கினேன்.